குதிரையை விற்று ஏழைகளுக்கு விதை வாங்கிய மேயர்! டெட்ராய்ட் நகரின் 'உருளைக்கிழங்கு' பிங்க்ரீ

1894-ம் ஆண்டு கோடைக்காலம். அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரில் ஒரு குதிரை ஏலத்துக்கு வந்தது. நல்ல ஜாதிக் குதிரை. அதன் சொந்தக்காரர் ஆசை ஆசையாக வளர்த்தது. ஆனால், ஏலத்தில் அதன் மதிப்புக்கு ஏற்ற விலை கிடைக்கவில்லை. கிடைத்த பணத்தை அவர் தன் வீட்டுக்கு எடுத்துப் போகவும் இல்லை. வேலையில்லாமல் தவிக்கும் குடும்பங்களுக்கு விதை வாங்குவதற்காக அப்படியே கொடுத்துவிட்டார்.

அந்தக் குதிரையின் சொந்தக்காரர் ஹேசன் பிங்க்ரீ. அப்போது அவர்தான் டெட்ராய்ட் நகரின் மேயர். அதற்கு முன்பு ஊரறிந்த ஷூ கம்பெனி முதலாளி.

"பெரிய பணக்காரர், கொஞ்சம் தானம் செய்திருக்கிறார். இதில் என்ன அதிசயம்?" என்று தோன்றலாம். உண்மையில், அவரை மேயர் ஆக்கியவர்கள் அந்த ஊரின் மற்ற பணக்காரர்கள்தான். 'நம்ம ஆள் ஒருவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்தால் நமக்கு நல்லது' என்று நினைத்துத்தான் அவரை உட்கார வைத்தார்கள். உட்கார்ந்த பிறகு அவர் யாருடைய ஆளாக ஆனார் என்பதுதான் இந்த வாரக் கதை.

தோல் வெட்டிய கை

பிங்க்ரீ பிறக்கும்போதே பணக்காரர் இல்லை. 1840-ம் ஆண்டு மெய்ன் மாநிலத்தில் ஒரு சிறிய ஊரில் பிறந்தார். ஊரின் பெயர் டென்மார்க். பள்ளிக்கூடம் போக வேண்டிய வயதில் பஞ்சாலைக்கு வேலைக்குப் போனார். பிறகு மாசசூசெட்ஸ் மாநிலத்தில் ஒரு ஷூ தொழிற்சாலையில் தோல் வெட்டும் வேலை. அந்த வேலைதான் பின்னாளில் அவர் தலையெழுத்தையே மாற்றியது.

அதற்குள் அமெரிக்காவில் உள்நாட்டுப் போர் மூண்டது. 1862-ல் பிங்க்ரீ வடக்கு மாநிலங்களின் படையில் சேர்ந்தார். 1864 மே மாதம் எதிரிகளிடம் சிக்கினார். அவரை அடைத்த இடங்களில் ஒன்று ஆண்டர்சன்வில் சிறை. கூரையில்லாத அந்த வெட்டவெளிச் சிறையில் மொத்தம் சுமார் 45,000 பேர் அடைக்கப்பட்டார்கள். அவர்களில் கிட்டத்தட்ட 13,000 பேர் பசியாலும் நோயாலும் செத்துப் போனார்கள்.

பிங்க்ரீ தப்பித்தது சினிமாக் காட்சி மாதிரிதான். பிறகு வேறொரு முகாமுக்கு மாற்றப்பட்டபோது, விடுதலை செய்ய வேண்டிய கைதிகளின் பெயர்களை அங்கே வாசித்தார்கள். ஒரு பெயருக்குப் பதில் இல்லை. "நான்தான்" என்று குரல் கொடுத்து முன்னால் போய் நின்றுவிட்டார் பிங்க்ரீ. வெளியே வந்தவர் வீட்டுக்குப் போகவில்லை. மீண்டும் தன் படைப்பிரிவிலேயே சேர்ந்து போர் முடியும்வரை இருந்தார்.

போர் முடிந்ததும் பிழைப்புத் தேடி டெட்ராய்ட் வந்தார். 1866 டிசம்பரில் சார்லஸ் ஸ்மித் என்பவருடன் கூட்டுச் சேர்ந்து, நொடித்துக் கிடந்த ஒரு சின்ன ஷூ பட்டறையின் இயந்திரங்களை 1,360 டாலருக்கு வாங்கினார். ஆரம்பத்தில் வேலையாட்கள் பத்துப் பேர்கூட இல்லை. இருபது ஆண்டுகளில் அது 700-க்கும் மேற்பட்டோர் வேலை பார்க்கும் தொழிற்சாலையாகி, ஆண்டுக்குச் சுமார் 10 லட்சம் டாலருக்கு ஷூ விற்றது. 1887-ல் தீ விபத்தில் தொழிற்சாலை எரிந்துபோனது. அசரவில்லை, மறுபடியும் கட்டினார்.

'நம்ம ஆள்' மேயர் ஆகிறார்

1889-ல் டெட்ராய்ட் நகராட்சியின் பெயர் கெட்டுக் கிடந்தது. எந்த கான்ட்ராக்ட் யாருக்குப் போகும் என்பதை லஞ்சம்தான் முடிவு செய்தது. 'கணக்கு வழக்கு தெரிந்த ஒரு வியாபாரி வந்தால் செலவு குறையும், வரி குறையும்' என்று குடியரசுக் கட்சியிலிருந்த தொழிலதிபர்கள் யோசித்தார்கள். அவர்கள் தேர்ந்தெடுத்தவர்தான் பிங்க்ரீ. அரசியல் அனுபவம் சுத்தமாகக் கிடையாது. முதலில் தயங்கினார். நண்பர்கள் விடவில்லை.

களத்தில் இறங்கியதும் எதிரணி ஒரு வதந்தியைக் கிளப்பியது. 'இவர் மதுவுக்கு எதிரி. ஜெயித்தால் கடைகளை மூடிவிடுவார்' என்றார்கள். ஜெர்மானியர்களும் ஐரிஷ்காரர்களும் நிறைந்த ஊரில் அது ஓட்டைக் காலி செய்யும் வதந்தி. பிங்க்ரீ என்ன செய்தார் தெரியுமா? நேராக ஒரு மதுக்கடைக்குள் போய், எல்லோரும் பார்க்க ஒரு கிளாஸ் விஸ்கி குடித்தார். வதந்தி அங்கேயே முடிந்தது. தேர்தலில் ஜெயித்து, 1890 ஜனவரியில் மேயராகப் பொறுப்பேற்றார்.

முதலில் கை வைத்தது சாலைகளில். அப்போது டெட்ராய்ட் தெருக்கள் பலவற்றில் தார் கிடையாது. மண்மீது மரக்கட்டைகளை அடுக்கி வைத்ததுதான் சாலை. மழையில் கட்டைகள் அழுகும், வெயிலில் சில சமயம் தீப்பிடித்தே எரியும். கான்ட்ராக்டர்களுக்கோ இது கற்பகத்தரு. கட்டை அழுகினால்தானே அடுத்த கான்ட்ராக்ட்! பிங்க்ரீ தொழிற்சாலைக் கணக்கைப் பார்ப்பதுபோல இந்தக் கணக்கையும் பார்த்தார். கான்கிரீட் அடித்தளம் போட்டு, அதன்மேல் தார் அல்லது செங்கல் பதிக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். சில ஆண்டுகளில் சாலைகளின் முகமே மாறியது.

இதுவரைக்கும் பணக்கார நண்பர்களுக்கு ரொம்ப சந்தோஷம். அடுத்த ஆண்டே ஒரு சோதனை வந்தது.

மூன்று நாள்கள் நின்ற டிராம்

அந்தக் காலத்தில் டிராம்தான் நகரத்தின் நாடித்துடிப்பு. நகராட்சி ஒரு தனியார் கம்பெனிக்குப் பல ஆண்டுகளுக்கு உரிமம் கொடுக்கும். அந்தத் தெருக்களில் வேறு யாரும் டிராம் விட முடியாது. வண்டி பழையதா, கட்டணம் அதிகமா, யாரும் கேட்க முடியாது. உரிமத்தை நீட்டிக்க வேண்டிய நேரத்தில் உறுப்பினர்களைக் 'கவனித்தால்' போதும். மற்ற நகரங்கள் மின்சார டிராமுக்கு மாறிக்கொண்டிருந்தபோது, டெட்ராய்ட் கம்பெனி குதிரைகளையே நம்பி ஓட்டிக்கொண்டிருந்தது.

1891 ஏப்ரலில் டிராம் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். சங்கம் வைத்ததற்காகச் சிலரை கம்பெனி வேலையைவிட்டு நீக்கியிருந்தது. மற்ற தொழிற்சாலை ஆட்களும், பொதுமக்களும் தெருவில் இறங்கினார்கள். தண்டவாளங்கள் பெயர்க்கப்பட்டன. நகரமே மூன்று நாள்கள் நின்றுபோனது.

கம்பெனி மேயரிடம் ஓடி வந்தது. "ராணுவத்தைக் கூப்பிடுங்கள்" என்றது. அன்றைய அமெரிக்காவில் முதலாளிகள் கேட்டால் துப்பாக்கியோடு படை வருவது வழக்கம்தான். பிங்க்ரீயும் ஒரு முதலாளி. ஆனால் அவர் மறுத்துவிட்டார். "தொழிலாளர்களோடு உட்கார்ந்து பேசுங்கள்" என்று கம்பெனியைப் பேச்சுவார்த்தைக்கு இழுத்தார். பிரச்னை முடிவுக்கு வந்தது.

அன்றிலிருந்து டிராம் கட்டணத்தைக் குறைப்பதே அவருடைய லட்சியம் ஆகிவிட்டது. ஒரு பயணத்துக்கு 5 சென்ட் என்று இருந்த கட்டணத்தை 3 சென்ட் ஆக்க வேண்டும் என்றார். 'இரண்டு சென்டுக்கா இத்தனை சண்டை?' என்று கேட்டவர்கள் உண்டு. கணக்குப் போட்டுப் பாருங்கள். தினமும் வேலைக்குப் போய் வர இரண்டு பயணம். ஒரு நாளைக்கு 4 சென்ட் மிச்சம். 300 வேலை நாள்களுக்கு 12 டாலர். நாள் ஒன்றுக்கு ஒன்றரை டாலர் கூலி வாங்கும் ஒருவருக்கு அது எட்டு நாள் சம்பளம்!

பழைய கம்பெனி கோர்ட்டுக்குப் போனது. பிங்க்ரீ போட்டிக்கு இன்னொரு கம்பெனியைக் கொண்டுவந்தார். 1895-ல் அந்தப் புதிய டிராம் குறைந்த கட்டணத்தில் ஓடத் தொடங்கியது. அதே ஆண்டில் நகராட்சியே சொந்தமாக மின் நிலையம் அமைத்துத் தெருவிளக்குகளை எரியவைத்தது. ஊருக்குள் வருகிறவர்களிடம் காசு பிடுங்கிய சுங்கச் சாவடிகளையும் ஒழித்துக்கட்டினார். 1894-ல் பள்ளிக்கூட வாரியக் கூட்டத்துக்குப் போலீஸோடு போய், லஞ்சப் புகாரில் நான்கு உறுப்பினர்களை அங்கேயே கைது செய்யவைத்தார்.

இதற்கெல்லாம் அவர் கொடுத்த விலை கொஞ்சமில்லை. மேயர் ஆகச் சொல்லிக் கெஞ்சிய நண்பர்கள் முகம் கொடுக்கவில்லை. அவர் இயக்குநராக இருந்த வங்கி அவரை வெளியே அனுப்பியது. தேவாலயத்தில் அவர் குடும்பத்துக்கென்று இருந்த இருக்கைகூடக் கைவிட்டுப் போனது. ஆனால், ஓட்டுப் பெட்டி வேறு கணக்குச் சொன்னது. 1889, 1891, 1893, 1895 என நான்கு முறை அவரே ஜெயித்தார்.

காலி மனையில் கஞ்சித்தொட்டி இல்லை... கிழங்குத் தோட்டம்!

இப்போது குதிரை ஏலத்துக்கு வருவோம்.

1893-ல் அமெரிக்கப் பொருளாதாரம் சரிந்தது. வங்கிகள் மூடின, ரயில்வே கம்பெனிகள் திவாலாகின. ரயில் பெட்டிகளும் இரும்பு அடுப்புகளும் செய்துவந்த டெட்ராய்ட் தொழிற்சாலைகள் ஆட்களை வீட்டுக்கு அனுப்பின. 2 லட்சம் பேருக்கு மேல் வாழ்ந்த நகரத்தில் ஆயிரக்கணக்கான குடும்பங்களுக்கு அடுப்பெரியவில்லை. நகராட்சியின் ஏழைகள் நிதி காலியாகிக்கொண்டிருந்தது.

பிங்க்ரீ நகரத்தைச் சுற்றி வந்தபோது ஒரு விஷயம் கண்ணில் பட்டது. எங்கே பார்த்தாலும் காலி மனைகள். விலை ஏறட்டும் என்று வாங்கிப் போட்டுவிட்டு, புல் முளைக்கவிட்டிருந்தார்கள். இன்னொரு பக்கம், வேலையிழந்தவர்களில் பலர் போலந்திலிருந்தும் ஜெர்மனியிலிருந்தும் வந்தவர்கள். மண்ணைத் தொட்டுப் பழகியவர்கள். 'நிலம் சும்மா கிடக்கிறது, கைகளும் சும்மா கிடக்கின்றன. இரண்டையும் சேர்த்தால் என்ன?'

1894 ஜூனில் மனைக்காரர்களிடம் வேண்டுகோள் வைத்தார். நிலத்தை இலவசமாகக் கொடுத்தால் போதும். கட்டடம் கட்டும்போது திருப்பி எடுத்துக்கொள்ளலாம். பலர் கொடுத்தார்கள். உழுவதற்கும் விதைக்கும் கருவிக்கும் பணம் வேண்டுமே? ஊர்த் தேவாலயங்களில் காணிக்கை வசூலிக்கச் சொன்னார். வந்து சேர்ந்தது எவ்வளவு தெரியுமா? 13 டாலர் 80 சென்ட்.

அப்போதுதான் மேயர் தன் குதிரையை ஏலத்துக்கு அனுப்பினார்.

பத்திரிகைகள் விழுந்து விழுந்து சிரித்தன. கார்ட்டூன் போட்டன. 'உருளைக்கிழங்குப் பாத்தி பிங்க்ரீ' என்று பட்டப்பெயர் வைத்தன. 'ஜூன் மாதத்தில் போய் விதைக்கிறார்களே, என்ன விளையப் போகிறது?' என்ற பேச்சும் இருந்தது.

சுமார் 3,000 குடும்பங்கள் இடம் கேட்டன. கையில் இருந்த பணத்துக்கு 945 குடும்பங்களுக்குத்தான் கொடுக்க முடிந்தது. மொத்தம் 430 ஏக்கர். ஒரு குடும்பத்துக்குக் கால் ஏக்கர் முதல் அரை ஏக்கர் வரை. உருளைக்கிழங்கு, பீன்ஸ், டர்னிப் என்று பயிரிட்டார்கள். கார்டனர் என்ற ராணுவ கேப்டன் தலைமையில் ஒரு குழு மேற்பார்வை செய்தது. விளைந்தது முழுவதும் பயிரிட்டவருக்கே சொந்தம்.

அறுவடை முடிந்து கணக்குப் பார்த்தார்கள். செலவு சுமார் 3,600 டாலர். விளைச்சலின் மதிப்பு குறைந்தது 12,000 டாலர். சிரித்தவர்கள் வாயை மூடிக்கொண்டார்கள்.

இதில் பணக் கணக்கைத் தாண்டி இன்னொன்றும் இருந்தது. அரசு கொடுக்கும் நிவாரணத்துக்காக வரிசையில் நிற்பவனுக்கு, பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்களோ என்று தலை குனியும். தன் பாத்தியில் தான் தோண்டி எடுத்த கிழங்கை மூட்டை கட்டி வீட்டுக்கு எடுத்துப் போகிறவனுக்கு அந்தக் கூச்சம் இல்லை. 'ஏழைகள் சோம்பேறிகள்' என்று சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு அந்த 430 ஏக்கரே பதில் சொன்னது.

1896-ல் சுமார் 1,700 குடும்பங்கள் பயிரிட்டன. விளைச்சலின் மதிப்பு 30,000 டாலரைத் தொட்டது. நியூயார்க், பாஸ்டன், ஃபிலடெல்ஃபியா, பஃபலோ என்று பல நகரங்கள் இந்தத் திட்டத்தைத் தங்கள் ஊரிலும் செய்து பார்த்தன. உலகப் போர்களின்போது அமெரிக்கர்கள் வீட்டுக்கு வீடு போட்ட காய்கறித் தோட்டங்களுக்கு முன்னோடி இதுதான்.

இரண்டு நாற்காலி ஆசை

பிங்க்ரீயைக் குறையே இல்லாதவர் என்று சொல்ல முடியாது. 1896 நவம்பரில் மிச்சிகன் மாநிலத்தின் கவர்னர் தேர்தலில் ஜெயித்தார். அமெரிக்காவில் கவர்னரை மக்களே ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கிறார்கள். மாநில நிர்வாகத்தின் தலைவர் அவர்தான். அந்தப் பதவிக்குப் போன பிறகும் மேயர் நாற்காலியை விட பிங்க்ரீக்கு மனம் வரவில்லை. 'நான் போனால் டிராம் கம்பெனிகள் மறுபடியும் நகரத்தை விழுங்கிவிடும்' என்பது அவர் பயம். இரண்டு பதவியிலும் இருக்கப் பார்த்தார். மாநில உச்ச நீதிமன்றம் 'முடியாது' என்று சொல்லிவிட்டது. 1897 மார்ச்சில் மேயர் பதவியை விட்டார். அடுத்து வந்த தேர்தலில் எதிர்க்கட்சியான ஜனநாயகக் கட்சியின் வில்லியம் மேபரி ஜெயித்தார்.

கவர்னராக அவர் பிடித்தது ரயில்வே கம்பெனிகளை. சாதாரண விவசாயி தன் நிலத்தின் மதிப்புக்கு ஏற்ப வரி கட்டினார். ரயில்வேக்கோ தனிக் கணக்கு. சொத்து மதிப்பை வைத்து வரி கிடையாது. 'எல்லோருக்கும் ஒரே தராசு' என்றார் பிங்க்ரீ. 1899-ல் சட்டம் கொண்டுவந்தார். நீதிமன்றம் அதை ரத்து செய்தது. விடாமல் அரசியல் சாசனத்தையே திருத்த வேண்டும் என்று மக்களிடம் போனார். 1900 நவம்பரில் மக்கள் பெரும் ஆதரவோடு அதை நிறைவேற்றிக் கொடுத்தார்கள்.

அதே ஆட்சியில் கறையும் விழுந்தது. ராணுவச் சீருடைகளை அடிமாட்டு விலைக்கு விற்று, அதையே அதிக விலைக்குத் திரும்ப வாங்கிய ஊழலில் அவருடைய அதிகாரிகள் சிக்கினார்கள். அபராதத்தோடு அவர்களுக்கு மன்னிப்புக் கொடுத்தார் பிங்க்ரீ. லஞ்சம் வாங்கிய பள்ளி வாரிய உறுப்பினர்களைப் போலீஸோடு போய்ப் பிடித்த மனிதர், தன் ஆட்கள் என்று வந்தபோது இளகிவிட்டார். அவரை நேசித்தவர்களுக்கே அது வருத்தம் தந்தது.

எதிரியே மாணவன் ஆனபோது

பதவிக்காலம் முடிந்ததும் ஆப்பிரிக்காவுக்குப் பயணம் போனார் பிங்க்ரீ. திரும்பும் வழியில் உடல்நலம் கெட்டது. 1901 ஜூன் 18 அன்று லண்டனில் இறந்தார். வயது 60.

அவருடைய போராட்டம் அவரோடு முடிந்ததா? இதில்தான் ஒரு ட்விஸ்ட் இருக்கிறது. டெட்ராய்ட்டில் அவர் மோதிய டிராம் கம்பெனியை நடத்தியவர்களில் ஒருவர் டாம் ஜான்சன். பெரும் பணக்காரர். 3 சென்ட் கட்டணத்தை எதிர்த்த பக்கத்தில் இருந்தவர். அதே ஜான்சன் 1901-ல் கிளீவ்லேண்ட் நகரின் மேயர் ஆனார். ஆனதும் அவர் எடுத்த முழக்கம் என்ன தெரியுமா? 3 சென்ட் டிராம் கட்டணம்! எதிரில் நின்று சண்டை போட்டவரே பாடம் படித்துக்கொண்டு போயிருக்கிறார்.

டெட்ராய்ட்டிலும் அந்தக் கனவு பலித்தது. கொஞ்சம் தாமதமாக. 1922-ல் நகரத்தின் டிராம்களை நகராட்சியே எடுத்துக்கொண்டது. அப்போது மேயராக இருந்தவர் ஜேம்ஸ் கசன்ஸ். ஹென்றி ஃபோர்டின் கார் கம்பெனியில் பங்குதாரராக இருந்து சம்பாதித்தவர். அவரும் தொழிலதிபராக இருந்து மேயர் ஆனவர்தான்.

1904-ல் டெட்ராய்ட் நகரின் நடுவே, கிராண்ட் சர்க்கஸ் பூங்காவில் பிங்க்ரீக்குச் சிலை வைத்தார்கள். குதிரைமேல் வாளோடு இல்லை. நாற்காலியில் சாவகாசமாக உட்கார்ந்திருக்கிறார். பெரிய தனியார் கம்பெனிகளால் வரும் ஆபத்தைப் பற்றி மக்களை முதலில் எச்சரித்தவர் என்று பீடத்தில் எழுதி வைத்திருக்கிறார்கள். எழுதப்பட்டிருப்பது ஒரு கம்பெனி முதலாளியைப் பற்றி! அதே பூங்காவில் அவருக்கு அடுத்து வந்த மேபரிக்கும் சிலை உண்டு. 1999-ல் வெளிவந்த ஓர் ஆய்வு நூலுக்காக வரலாற்று அறிஞர்கள் அமெரிக்காவின் சிறந்த மேயர்களைப் பட்டியலிட்டபோது, பிங்க்ரீக்கு நான்காவது இடம் கிடைத்தது.

பிங்க்ரீ மேயராக இருந்த 1896-ல்தான் ஹென்றி ஃபோர்டு தன் முதல் வண்டியை டெட்ராய்ட் தெருவில் ஓட்டிப் பார்த்தார். அதன்பின் அந்த ஊர் கார்களின் தலைநகரம் ஆனது. 1950-ல் 18 லட்சம் பேர் வாழ்ந்தார்கள். பிறகு தொழிற்சாலைகள் ஒவ்வொன்றாக மூடின. 2013-ல் நகராட்சியே திவால் நோட்டீஸ் கொடுத்தது. 2020 கணக்கெடுப்பில் மக்கள்தொகை சுமார் 6 லட்சத்து 40 ஆயிரம். ஆட்கள் போன பிறகு வீடுகள் இடிந்து, நகரமெங்கும் மறுபடியும் காலி மனைகள்.

அந்த மனைகள் பலவற்றில் இன்று மக்கள் காய்கறி பயிரிடுகிறார்கள். தக்காளி, கீரை, பீன்ஸ்... கூடவே உருளைக்கிழங்கும்!